சந்தேகத்துக்குரிய பொருள்: இறைச்சி

மார்ச் 9

அக்காவுக்கு,

போனை நான் எடுக்கமாட்டேன். போனில் பேசினால் கடைசியில் நான்தான் மன்னிப்புக் கேட்டுவிட்டு வைப்பேன். நாற்பத்து மூன்று வருஷமாக அப்படித்தான் நடக்கிறது. அதனால் எழுதுகிறேன். நீயும் எழுது.

வெள்ளிக்கிழமை எங்கள் கறிக்கடைக்குச் சீல் வைத்துவிட்டார்கள். காலை பதினோரு மணி, கடையில் ஏழு பேர் நின்றிருந்தார்கள். சுகாதார ஆய்வாளர் உள்ளே வந்து எல்லார் காதிலும் விழும்படி சொன்னார்: "உங்க கடைக் கறியைச் சமைச்சுச் சாப்பிட்ட பதினோரு பேருக்கு வாந்தி. ஒருத்தர் ஆஸ்பத்திரியில இருக்கார்." என் வீட்டுக்காரர் கையில் கத்தியோடு அப்படியே நின்றார். அப்போதுதான் முக்கால் கிலோ வாங்கிய ஓர் அம்மா பொட்டலத்தைத் திரும்ப மேடைமேல் வைத்துவிட்டுப் போனார். திட்டவில்லை, கேட்கவில்லை. வைத்துவிட்டுப் போனார்.

உங்கள் ஆய்வகத்துப் பெரியவர் ஓய்வு பெறுகிறார், திங்கட்கிழமை எல்லாருக்கும் சில்லி என்கிற அந்த வெளிநாட்டுக் கறிக்குழம்பைச் சமைத்துக்கொண்டு போகப்போகிறேன் என்று சொல்லித்தானே சனிக்கிழமை இங்கே வந்து மூன்று கிலோ வாங்கினாய்? தோள்பட்டைக் கறியாகப் பார்த்து, கொழுப்பு அளவாக விட்டு, இவரே வெட்டிக் கொடுத்தார். ஐஸ் பெட்டியில் அடுக்கிக் கொடுத்தது நான். அந்தச் சாப்பாட்டால் உங்கள் ஆட்களுக்கு இப்படி ஆகிவிட்டது என்று நான்கு நாளாக எனக்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை நீ. ஆய்வாளர் சொல்லித் தெரிந்துகொண்டேன்.

"யாருங்க புகார் கொடுத்தது?" என்று இவர் கேட்டார். அவர் படிவத்தைக் காட்டினார். உன் கையெழுத்து. 'பொருள் வாங்கிய இடம்' என்ற கட்டத்தில் எங்கள் தெரு, கதவு எண். சரி, கேட்டார்கள், எழுதினாய். அதற்குக் கீழே 'சந்தேகத்துக்குரிய பொருள்' என்று ஒரு கட்டம். அதில் இறைச்சி என்று எழுதியிருக்கிறாய். ஆய்வாளர் சொல்கிறார்: "அந்தக் கட்டத்தைப் பொதுவா எல்லாரும் காலியா விட்டுடுவாங்க. இவங்க தண்ணியைப் பரிசோதிக்கிற கூடத்துல பிரிவுத் தலைவி. அவங்களே எழுதினதுக்கு அப்புறம் நான் என்னம்மா செய்ய?"

அன்று சாப்பிட உட்கார்ந்தபோது இவர், "உங்க அக்காவுக்கு எழுத்து என்னமா முத்து முத்தா இருக்கு" என்றார்.

எதற்காக அந்தக் கட்டத்தை நிரப்பினாய்? அதை மட்டும் சொல்.

சின்னவள்

-

மார்ச் 13

தங்கைக்கு,

உன் கடிதம் கிடைத்தது. உனக்கு முன்பே சொல்லியிருக்க வேண்டும் என்பது உண்மை. அந்த நான்கு நாளும் நான் பாதி நேரம் ஆஸ்பத்திரியில் பெரியவரின் கட்டிலருகே இருந்தேன். அறுபது வயதுக்காரருக்கு இரண்டு நாள் ட்ரிப் ஏறியது. அவர் மனைவி என்னைப் பார்க்கும்போதெல்லாம் முகத்தைச் சுவர் பக்கம் திருப்பிக்கொண்டார். அந்தப் பதினோரு பேரில் நானும் ஒருத்தி என்பதையும் நினைவில் வை.

நான் செய்ததை வரிசையாகச் சொல்கிறேன். சனிக்கிழமை வாங்கிய கறி ஐஸ் பெட்டியில் இரண்டு மணி நேரம் பஸ்ஸில் வந்தது. வீட்டில் குளிர்சாதனப் பெட்டிக்குள் போயிற்று. ஞாயிறு மாலை ராஜ்மாவை, அந்தச் சிவப்பு பீன்ஸ் விதையை, ஊறப் போட்டேன். திங்கள் விடியும் முன்பே எழுந்து கறியை ஒரே சமயத்தில் கொட்டாமல், ஐந்து தடவையாக, அகலமான இரும்புச் சட்டியில் நான்கு பக்கமும் சிவக்கும்வரை வறுத்தேன். அதே சட்டியில் வெங்காயம், பூண்டு, சீரகம், மிளகாய்த் தூள். சட்டியில் ஒட்டியதைத் தக்காளிச் சாறு ஊற்றிச் சுரண்டி எடுத்தேன். எல்லாவற்றையும், ஊறிய ராஜ்மாவையும் சேர்த்து, புதிதாக வாங்கிய ஸ்லோ குக்கரில் போட்டு மூடினேன். ஐந்து மணியிலிருந்து ஒரு மணிவரை, எட்டு மணி நேரம், குறைந்த சூட்டில். கறி விரலால் அழுத்தினால் பிரிந்தது. ராஜ்மா உருக்குலையாமல் இருந்தது. என் சமையலில் இதுவரை வந்ததிலேயே நல்ல பதம் என்றுதான் நினைத்தேன்.

அந்தக் குக்கரைப் பற்றி எனக்கே சந்தேகம் இருந்ததால் வெப்பமானியை வைத்துப் பார்த்தேன். எழுபத்தெட்டு டிகிரி. அந்தச் சூட்டில் கிருமி எதுவும் பிழைக்காது. ஆனால் கிருமி செத்தாலும், அது ஏற்கெனவே கறியில் விட்டுவைத்த விஷம் சில சமயம் சாகாது. அப்படியானால் கறி என் கைக்கு வரும் முன்பே கெட்டிருக்க வேண்டும். வேறு எது மிச்சம்? தக்காளியா, சீரகமா?

கட்டம் இருந்தது, நிரப்பினேன். என் வேலையில் ஒரு கட்டத்தைக்கூடக் காலியாக விடுவதில்லை. எழுதும்போது உன் வீட்டுக்காரரை நான் நினைக்கவில்லை.

அக்கா

-

மார்ச் 17

அக்காவுக்கு,

நினைக்கவில்லை என்று நீ எழுதியிருப்பதை இரண்டு தடவை படித்தேன். நினைத்திருந்தால் இவ்வளவு வலித்திருக்காது.

என் கல்யாணத்தின்போது நீ சொன்னது உனக்கு மறந்திருக்கும். "டிகிரி முடிச்சுட்டு ஒரு கறிக்கடைக்காரரையா?" என்றாய், அடுத்த அறையில் அவர் உட்கார்ந்திருக்கும்போது. பதினெட்டு வருஷமாக நீ இங்கே வந்தால் கடைக்குள் கால் வைத்ததில்லை. வீட்டுக்குப் பின்வாசல் வழியாக வருகிறாய், பொட்டலத்தை நான் கொண்டுவந்து தர வேண்டும். "உங்க அக்காவுக்கு ரத்த வாடை ஒத்துக்காது, விடு" என்று இவரே சமாதானம் சொல்வார்.

இப்போது இவர் வழக்கம்போல விடியற்காலை எழுந்து குளிக்கிறார், சட்டையை மாட்டுகிறார், நாற்காலியில் உட்கார்கிறார். கத்திகளை வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார். தினமும் தீட்டுகிறார். வெட்ட ஒன்றுமில்லாத கத்தியை எதற்குத் தீட்டணும் என்று கேட்டேன். "சும்மா இருந்தா அதுக்குத் துரு புடிக்கும், எனக்கும்தான்" என்கிறார்.

ஆய்வாளர் நேற்று வந்தார். குளிரறை ஒரு நாள் பழுதாகி இருந்தது என்று இவர் எழுதிக் கையெழுத்துப் போட்டால் பத்து நாளில் கடையைத் திறந்துவிடலாமாம். இல்லையென்றால் பரிசோதனை முடிவு, விசாரணை என்று இரண்டு மாதம் ஆகுமாம். இவர் முடியவே முடியாது என்றுவிட்டார். "கெடாத கறியைக் கெட்டதுன்னு எழுதிக் குடுத்துட்டு, அப்புறம் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு நல்ல கறின்னு விக்கிறது?"

இரண்டு கேள்வி கேட்கிறேன். நீ மூன்று கிலோவையும் சமைத்திருக்கமாட்டாய், உன்னிடம் மிச்சம் ஏதாவது இருக்கிறதா? அப்புறம், உங்கள் ஆபீஸில் கறி சாப்பிடாத தட்டச்சர் அம்மா ஒருவருக்காகத் தனியாக ஒரு சின்னக் குக்கரை இரவல் வாங்கிக் கறியில்லாமல் வைக்க வேண்டும் என்று அலுத்துக்கொண்டாயே, அந்த அம்மாவுக்கு என்ன ஆயிற்று?

சின்னவள்

-

மார்ச் 22

தங்கைக்கு,

பெரியவர் வீட்டுக்கு வந்துவிட்டார். கஞ்சி குடிக்கிறார்.

தட்டச்சர் அம்மா மறுநாளிலிருந்தே விடுப்பில் இருந்தார். அவருக்கு அடிக்கடி ஒற்றைத் தலைவலி வரும், அதனோடு வாந்தியும் வரும். அதனால் அவரைப் பற்றி உறுதியாக எதுவும் சொல்வதற்கில்லை.

இங்கே எனக்கும் நிலைமை சரியில்லை. காரணம் தெளிவாகும்வரை பிரிவுப் பொறுப்பிலிருந்து விலகியிருக்கும்படி இயக்குநர் சொல்லிவிட்டார். இருபத்து மூன்று வருஷம் குடிதண்ணீரில் என்ன கலந்திருக்கிறது என்று ஊருக்குச் சொன்னவள் சமைத்ததைச் சாப்பிட்டு ஆபீஸே படுத்துவிட்டது என்று மாடிப்படியில் பேசிக்கொள்கிறார்கள். நான் வருவது தெரிந்தால் தாழ்த்திக்கொள்கிறார்கள், குரலை மட்டும்.

வேறு விஷயங்களைப் பிறகு எழுதுகிறேன்.

அக்கா

-

மார்ச் 27

அக்காவுக்கு,

இவர் நேற்றுக் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

உன் கடிதத்தைப் படித்துவிட்டு மேஜைமேல் வைத்திருந்தேன். இவர் எடுத்துப் படித்திருக்கிறார். என்னிடம் ஒன்றும் சொல்லாமல் சட்டையை மாட்டிக்கொண்டு ஆய்வாளர் அலுவலகத்துக்குப் போய், குளிரறை பழுது, கவனக்குறைவு என் பேரில் என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்து நின்றார்.

கத்தினேன். "ரெண்டு மாசமானா ஆகட்டும்னு நீங்கதானே சொன்னீங்க?"

"அப்ப கடை மட்டும்தான் மூடியிருந்துச்சு. இப்ப உங்க அக்காவையும் வெளியில நிக்க வச்சிருக்காங்கல்ல. அவங்களுக்கு அந்த வேலையை விட்டா என்ன இருக்கு, சொல்லு? காரணம் இதுதான்னு ஒண்ணு கிடைச்சுட்டா ஃபைலை மூடிருவாங்க. நமக்குப் பத்து நாள்தானே."

"அவ உங்களைப் பத்தி என்ன எழுதினான்னு பாத்தீங்கல்ல?"

"பாத்தேன்" என்றார்.

கடை வாசலில் அறிவிப்பு ஒட்டியிருக்கிறார்கள். 'உரிமையாளர் தவறை ஒப்புக்கொண்டார்' என்று பெரிய எழுத்தில். பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் நின்று எழுத்துக் கூட்டிப் படிக்கிறார்கள்.

நான் கேட்ட இரண்டு கேள்விக்கும் நீ பதில் சொல்லவில்லை. நீ பதில் சொல்லாமல் விடுகிறவள் இல்லை. எனக்கு உன்னைத் தெரியும். அதனால்தான் பயமாக இருக்கிறது.

-

மார்ச் 30

சின்னவளுக்கு,

கறியில் ஒரு குற்றமும் இல்லை. குற்றம் ராஜ்மாவில். அதைச் சமைத்தவளிடம்.

தட்டச்சர் அம்மா 20ஆம் தேதி வேலைக்குத் திரும்பினார். அன்று மதியமே என்னிடம் வந்தார். "மேடம், அன்னைக்கு எனக்கும் பயங்கர வாந்தி. கறியே தொடாத எனக்கு எப்படின்னு யோசிச்சு யோசிச்சு, கடைசியில தலைவலின்னு விட்டுட்டேன்" என்றார். அவருடைய குக்கரில் கறி இல்லை. ஆனால் அதே ராஜ்மா இருந்தது. ஆக, 22ஆம் தேதி உனக்கு எழுதியபோது எனக்குத் தெரியும். உறுதியாகச் சொல்வதற்கில்லை என்று எழுதினேன். அந்த வாக்கியத்தை எழுதிக்கொண்டிருக்கும்போதே அடுப்பில் உங்கள் கறி வெந்துகொண்டிருந்தது.

ஆமாம், மிச்சம் இருந்தது. முக்கால் கிலோவை உறைபெட்டியில் போட்டிருந்தேன். அதில் பாதியை எடுத்து, ஊறிய ராஜ்மாவின் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் அரை மணி நேரம் தளதளவென்று கொதிக்கவிட்டு, மற்றதெல்லாம் அன்று போலவே செய்து ஒரு தட்டு முழுக்கச் சாப்பிட்டேன். ஒன்றும் ஆகவில்லை. மறுநாள் ஞாயிற்றுக்கிழமை, கறியே இல்லாமல், கொதிக்கவைக்காத ராஜ்மாவை மட்டும் குறைந்த சூட்டில் எட்டு மணி நேரம் வைத்து ஒரு கிண்ணம் சாப்பிட்டேன். இரண்டரை மணி நேரத்தில் குளியலறைத் தரையில் உட்கார்ந்திருந்தேன். சுவரில் சாய்ந்துகொண்டு கைக்கடிகாரத்தைப் பார்த்து நேரத்தைக் குறித்தேன். எனக்கே வெறுப்பாக இருந்தது.

சிவப்பு ராஜ்மாவுக்குள்ளேயே ஒரு விஷம் இருக்கிறது. நன்றாகக் கொதித்தால்தான் அழியும். மெல்லிய சூட்டில் அழியாது, இன்னும் கூடலாம். இத்தனை வருஷமாக பிரஷர் குக்கரில் வைத்ததால் தானாகவே அழிந்துவந்தது. அப்படி ஒன்று இருப்பதே எனக்குத் தெரியாது. இந்தக் குக்கரின் கையேட்டில் பதினான்காம் பக்கத்தில் எச்சரிக்கை இருக்கிறது. நான் பத்தாம் பக்கத்தோடு நிறுத்திவிட்டேன். வெப்பமானி கையில் இருக்கும்போது கையேடு எதற்கு என்று. கிருமி சாகிற சூடு வந்துவிட்டதா என்று அளந்தேன். கிருமி சம்பந்தமே இல்லாத விஷம் ஒன்று இருக்கலாம் என்று தோன்றவில்லை.

இதுவரை சமையல் தவறு. இனி எழுதுவது வேறு.

ஞாயிறே எனக்கு முடிவு தெரிந்துவிட்டது. திங்கள் எழுதவில்லை. செவ்வாய் எழுதவில்லை. பொறுப்பு திரும்பக் கிடைக்கட்டும், பிறகு மெதுவாகச் சொல்லலாம் என்று என்னிடமே சொல்லிக்கொண்டேன். புதன்கிழமை அவர் கையெழுத்துப் போட்டுவிட்டார். அதுவும் என் கடிதத்தைப் படித்துவிட்டு.

அந்தக் கட்டத்தை ஏன் நிரப்பினேன் என்று கேட்டாய். கட்டத்தைக் காலியாக விடுவதில்லை என்றேன். அது உண்மையில்லை. காரணம் தெரியாதபோது 'தெரியவில்லை' என்று எழுதத்தான் எங்களுக்குப் பயிற்சி. அந்தச் சொல்லை ஆயிரம் முறை எழுதியிருக்கிறேன். அன்று இறைச்சி என்று எழுதக் கை தயங்கவே இல்லை. வேறு கடையில் வாங்கியிருந்தால் தயங்கியிருக்கும் என்று நினைக்கிறேன். இதற்கு மேல் இதை விளக்க எனக்குத் தெரியவில்லை.

ஆய்வாளருக்கும் இயக்குநருக்கும் எழுதிவிட்டேன். நகல் இத்துடன் இருக்கிறது. தட்டச்சர் அம்மாவும் கையெழுத்துப் போட்டிருக்கிறார். மிச்சக் கறியை ஆய்வாளரிடம் கொடுத்துவிட்டேன். பெரியவர் வீட்டுக்குப் போய் அவர் மனைவியிடமும் சொன்னேன். "பீன்ஸா?" என்று கேட்டுவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார்.

உன் வீட்டுக்காரரிடம் என்ன சொல்வது என்று தெரியவில்லை. நீ சொல்லிவிடாதே. நானே சொல்கிறேன்.

அக்கா

-

ஏப்ரல் 7

அக்காவுக்கு,

உன் கடிதம் வந்து நான்கு நாள் ஆகிறது. முதல் நாள் கிழித்துப் போடலாம் என்று எடுத்தேன். இவர் என் கையிலிருந்து வாங்கி மடித்து அலமாரியில் வைத்துவிட்டார். "ஞாயித்துக்கிழமை தனியா இருந்து வாந்தி எடுத்திருக்காங்க. பக்கத்துல ஒரு ஆள்கூட இல்லாம" என்கிறார். இந்த மனுஷனை என்ன செய்வது என்று சொல்.

எனக்கு அந்த இரக்கம் வரவில்லை. அந்த மூன்று நாளைத்தான் நினைக்கிறேன். நீ போனில்கூட முயலவில்லையே, அக்கா. நான் எடுத்திருக்கமாட்டேன்தான். ஆனாலும் அடித்துப் பார்த்திருக்கலாம்.

சனிக்கிழமை சீலை எடுத்துவிட்டார்கள். இவர் எழுதிக்கொடுத்ததையும் ரத்து செய்துவிட்டதாக ஒரு தாள் தந்தார்கள். ஒட்டிய அறிவிப்பைக் கிழித்தார்கள். இன்று காலை கடையைத் திறந்தோம். மதியம்வரை இரண்டு பேர் வந்தார்கள். ஒருவர் வழி கேட்க வந்தவர்.

ஆய்வாளர் கோப்பில் உன் கடிதம் பத்திரமாக இருக்கும். எங்கள் தெருவில் யாரும் கோப்பு படிப்பதில்லை. நீ வந்து சொல்ல வேண்டும். சனிக்கிழமை, கூட்டம் வருகிற நேரத்தில், கடை வாசலில் நின்று. பின்வாசலில் இல்லை.

சின்னவள்

-

ஏப்ரல் 9

சின்னவளுக்கு,

வருகிறேன். பத்து மணிக்கு அங்கே இருப்பேன்.

கூட்டத்தின்முன் பேசி எனக்குப் பழக்கமில்லை. கருத்தரங்கில்கூடத் தாளைப் பார்த்துத்தான் படிப்பேன். அதனால் ஒரு பானை சில்லி செய்துகொள்ளலாம் என்று இருக்கிறேன். உங்கள் கறியில், உன் அடுப்பில், எல்லாரும் பார்க்க. முந்தின நாள் மாலையே வந்துவிடுகிறேன், ராஜ்மா ஊற வேண்டும். கொதிக்கவைப்பதை உன் கண்முன்னால் செய்கிறேன்; நீ நேரம் பார்.

பொறுப்பை இன்னும் திருப்பித் தரவில்லை. தரமாட்டார்கள் என்று நினைக்கிறேன். உன் வீட்டுக்காரரிடம் இதைச் சொல்லாதே.

அக்கா

-

ஏப்ரல் 14

அக்காவுக்கு,

பஸ்ஸில் ஏறும்போது நீ பேசவில்லை, நானும் பேசவில்லை. அதனால் எழுதுகிறேன்.

நீ பேசியது நன்றாகத்தான் இருந்தது. தாள் இல்லாமலே பேசினாய். ஒன்றையும் விடவில்லை. அந்தக் கட்டத்தைப் பற்றியும், மூன்று நாளைப் பற்றியும் சொன்னாய். பானையும் நல்ல மணமாக இருந்தது. முக்கால் கிலோப் பொட்டலத்தை அன்று திருப்பி வைத்துவிட்டுப் போன அம்மாவும் வந்திருந்தார், பார்த்தாயா? அவர்தான் கேட்டார்: "தங்கச்சி வீட்டுக்காரரைக் காப்பாத்த வந்திருக்கீங்க, பாவம். பீன்ஸ் போயி யாரையாவது ஆஸ்பத்திரியில படுக்க வைக்குமாம்மா?" எல்லாரும் சிரித்தார்கள். நீ விளக்க விளக்க இன்னும் சிரித்தார்கள். இவ்வளவு படித்தவள் சொந்தக்காரனுக்காக எப்படி ஒரு கதை ஜோடித்திருக்கிறாள் என்கிற மாதிரிப் பார்த்தார்கள். தட்டை யாரும் எடுக்கவில்லை. இவர் ஒரு தட்டு வாங்கி நின்றபடியே சாப்பிட்டார். நீ ஒரு தட்டு, நான் ஒரு தட்டு. அப்புறம் பானையை மூடினோம்.

ஒரு சொல் எழுதினாய், ஊரே நம்பியது. அரை மணி நேரம் உண்மை பேசினாய், ஒருத்தரும் நம்பவில்லை. உன் முகம் அப்போது போன போக்கைப் பார்த்து எனக்குச் சந்தோஷமாக இருந்தது. ஒளிக்காமல் சொல்கிறேன், சந்தோஷம்தான். கொஞ்ச நேரம் இருந்தது. பிறகு இல்லை.

நீ உள்ளே போய் இவரிடம் என்ன பேசினாய் என்று நான் கேட்கவில்லை. இவரும் சொல்லவில்லை. நீ போன பிறகு மேடையைக் கழுவிக்கொண்டே, "உங்க அக்கா கடைக்குள்ள வந்தாங்க, மூக்கைப் பொத்திக்கவே இல்ல" என்றார்.

பேசி ஒன்றும் ஆகாது என்று தெரிந்துவிட்டது. அதனால் இப்படிச் செய். சனிக்கிழமை தோறும் வா. கையில் பையோடு வரிசையில் நின்று, எல்லாரையும் போல இவரிடம் கேட்டு வாங்கிக்கொண்டு போ. ஒரு வருஷம் வா. ஒரு கிலோ வாங்கினாலும் சரி, கால் கிலோ வாங்கினாலும் சரி. உன் வீட்டில் சாப்பிட ஆளில்லை என்றால் ஆபீஸில் கொடு, தின்னாவிட்டால் அது அவர்கள் பாடு. உன்னை மன்னித்துவிட்டேன் என்று இதற்கு அர்த்தமில்லை. போனையும் இப்போதைக்கு எடுக்கமாட்டேன்.

இந்த வாரம் வரிசை என்று ஒன்றும் இருக்காது. நீ மட்டும்தான் நிற்பாய். நில்.

சின்னவள்